நாற்பத்தொன்றாம் கணக்கு

உஸ்தாத் ஹிக்மத்தை நேரில் பார்த்தால் ‘வாங்க, போங்க’ என்றுதான் பேசுவேன். எங்கள் மலையில் ஒரு வாத்தியாரிடம் வேறு எப்படிப் பேசுவது? ஆனால் இது என் காகிதம். இதில் அவன் ‘அவன்’தான்.

அம்மான் நகரத்தில் எங்கள் மலைச்சரிவில் இருக்கிற நான்கு தளக் கட்டடத்தில் அவனுக்குக் கீழ்த்தளம், எனக்கு மேல்தளம். அவன் கணக்கு வாத்தியார். நான் தெருமுனை ஜெராக்ஸ் கடையில் டைப் அடிப்பவள். வாத்தியார்கள் பிள்ளைகளுக்கு விற்கும் கையேடுகளெல்லாம் என் விரல் வழியாகத்தான் வெளியே போகும். ஹிக்மத்தின் ‘வாக்கியக் கணக்குகள் நூறு’ என்ற கையேட்டைப் பதினெட்டு வருஷமாக, வருஷத்துக்கு ஒரு பதிப்பாக, நான்தான் அடித்துக் கொடுக்கிறேன். அந்த நூறு கணக்கும் எனக்கு மனப்பாடம். ஒரு வியாபாரி, ஒரு விவசாயி, மகனைப்போல மூன்று மடங்கு வயதான ஒரு தகப்பன், ஒரு தண்ணீர்த் தொட்டி. பதினெட்டு வருஷத்தில் அந்த விவசாயி ஒரு ஆடுகூடப் புதிதாக வாங்கவில்லை.

அவனுடைய வித்தை மிகவும் சுலபம். கணக்கில் ‘மொத்தம்’ என்று வந்தால் கூட்டு. ‘மீதி’ என்றால் கழி. ‘ஆளுக்கு’ என்றால் வகு. பிள்ளைகள் கணக்கைப் படிப்பதே இல்லை, சொல்லைத் தேடுவார்கள். இதையெல்லாம் கற்றுக்கொடுத்துவிட்டு, ஒவ்வொரு பக்கத்தின் அடியிலும் ‘கேள்வியை முழுசாகப் படி’ என்று தடித்த எழுத்தில் போடச் சொல்வான். நூறு பக்கத்திலும் அதை அடித்து அடித்து என் விரல் நோகும்.

வீட்டிலும் அவன் அப்படித்தான். எதைக் கேட்டாலும் கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டு, “தந்தது என்ன? கேட்டது என்ன?” என்பான். மாமியார் செத்த வீட்டில், அழுதுகொண்டிருந்த மனைவியை உட்காரவைத்து, துக்கம் கேட்க வருகிறவர்களுக்கு மூன்று நாளைக்கு எத்தனை கிண்ணம் காப்பி, எத்தனை கிலோ ஏலக்காய் என்று கணக்குப் போட்ட மனுஷன். சர்க்கரை வியாதி வந்தபோது டாக்டர் குனாஃபா இனிப்பை நிறுத்தச் சொன்னார். இவன் நிறுத்தவில்லை. ஒரு துண்டை எட்டாக வெட்டி, வேளைக்கு எட்டில் ஒரு பங்கு வீதம், ஒரு நாளைக்கு எட்டு வேளை தின்றான். பின்னம் படித்தவனாம்.

இவனைப் போய் ஊரே கொண்டாடியது. இந்தச் சரிவில் பத்தாம் வகுப்பு தேறிய முக்கால்வாசிப் பேர் அவன் கையேட்டை விழுங்கித் தேறியவர்கள். கணக்கு தெரியாது. விடை தெரியும்.

இனி நாற்பத்தொன்றாம் கணக்குக்கு வருகிறேன். ‘ஒரு தொட்டியை முதல் குழாய் நான்கு மணி நேரத்தில் நிரப்பும். இரண்டாம் குழாய் பன்னிரண்டு மணி நேரத்தில் நிரப்பும். இரண்டையும் சேர்த்துத் திறந்தால் எத்தனை மணி நேரத்தில் நிரம்பும்?’ ஹிக்மத் எழுதிய விடை எட்டு. நாலும் பன்னிரண்டும் பதினாறு, அதில் பாதி எட்டு.

முதல் பதிப்பை அடித்துக்கொண்டிருந்தபோதே என் விரல் நின்றுவிட்டது. நான் ஒன்பதாவதோடு படிப்பை விட்டவள். ஆனால் வாரத்துக்கு ஒருமுறை தண்ணீர் வருகிற ஊரில் பிறந்தவள். கடையில் ஆறு பையன்கள் நிற்கும்போதே கேட்டேன்.

“உஸ்தாத், ஒரு குழாய் தனியாவே நாலு மணியில ரொப்பிருதே. கூட இன்னொண்ணு ஒத்தாசைக்கு வந்தா எட்டு மணி எப்படி ஆகும்?”

அவன் கண்ணாடியை ஏற்றவில்லை. அதற்குக்கூட எனக்குத் தகுதியில்லை. “உம்மு சினான், இது கணிதம். உங்களுக்கு டைப் அடிக்கிற வேலைதானே?” என்றான். பையன்கள் சிரித்தார்கள்.

அடுத்த பதிப்பில் அந்தக் கணக்குக்குக் கீழே சின்ன எழுத்தில் ஒரு குறிப்பு சேர்த்தான். ‘இரு குழாய்களும் ஒன்றையொன்று நெருக்குவதால் வேகம் குறையும்.’ யாரோ பையன் கேட்டிருக்க வேண்டும். தப்பை ஒத்துக்கொள்வதற்குப் பதிலாகத் தண்ணீருக்கே புதுக் குணம் கற்பித்துவிட்டான்.

என் மகள் மைஸ் ஒன்பதாவது படிக்கும்போது அவனிடம் டியூஷனுக்குப் போனாள். நான் சொல்லிக்கொடுத்தபடி மூன்று என்று எழுதினாள். முட்டை போட்டு, வகுப்பு முன்னால் நிற்கவைத்து, ‘எட்டு’ என்று பத்து தடவை சொல்லவைத்தான். அழுதுகொண்டு வந்தாள். அடுத்த பரீட்சையில் எட்டு என்று எழுதி முழு மார்க் வாங்கினாள். அன்று முதல் சோற்றுத் தட்டின் முன் உட்கார்ந்தால் எனக்கு நாற்பத்தொன்றாம் கணக்குதான் தொட்டுக்கொள்ள.

அந்த மைஸுக்குத்தான் இந்த ஜூலையில் சம்பந்தம் பேசி முடித்தோம். மாப்பிள்ளை வீடு மேற்கு அம்மான். அந்தப் பக்கம் கீழே கிணறளவு தொட்டி, மேலே வரிசையாக டேங்க். தண்ணீர் நாள் என்றால் என்னவென்று அவர்கள் வீட்டுப் பிள்ளைகளுக்குத் தெரியாது. நகை இவ்வளவு, சாமான் இவ்வளவு என்று எதையும் நான் கேட்கவில்லை. ஒன்றே ஒன்றுதான் கேட்டேன். வெள்ளிக்கிழமைதோறும் மதியச் சாப்பாட்டுக்கு மகளும் மருமகனும் என் வீட்டுக்கு வரவேண்டும். கணவர் போய் ஏழு வருஷம் ஆகிறது. என்னை உம்மு சினான் ஆக்கிய மகன் சினான் தோஹாவில். மைஸும் போய்விட்டால் அந்த வீட்டில் நானும் டிவியும்தான். வெள்ளிக்கிழமை ஒன்றாவது எனக்கு வேண்டும்.

மாப்பிள்ளையின் தாய் உம்மு தரீஃப் சிரித்துக்கொண்டே, “உங்க பக்கம் தண்ணிக்குக் கஷ்டம்னு சொல்றாங்களே. பொண்ணு கேட்டு வர்ற அன்னைக்குப் பாத்துட்டுப் பேசுவோமே” என்றாள்.

“எங்க வீட்டுல தண்ணிக்கு என்ன குறை?” என்றேன். வாய் என்னுடையதுதான்.

பெரியவர்கள் எண்பது பேர் திரண்டு வந்து பெண் கேட்கும் ஜாஹாவுக்கு வெள்ளிக்கிழமை நாள் குறித்தோம். எங்களுக்குத் தண்ணீர் புதன் ராத்திரி வந்து வியாழன் காலையில் நின்றுவிடும். கட்டடத்தின் அடியில் முப்பத்திரண்டு கன மீட்டர் தொட்டி. மாடியில் எட்டு வீட்டுக்கும் எட்டு டேங்க், ஒவ்வொன்றும் இரண்டு கன மீட்டர். கீழிருந்து மேலே ஏற்றுவதற்கு ஒரு கிழட்டு மோட்டார் இருந்தது. எட்டு டேங்கையும் நிரப்ப அதற்குப் பன்னிரண்டு மணி நேரம் ஆகும். அந்த வாரம் எல்லோரும் காசு போட்டுப் புது மோட்டார் ஒன்று வாங்கினோம். கொண்டுவந்து மாட்டிய மெக்கானிக், “இது நாலே மணியில ஏத்திரும்” என்றான்.

கட்டடக் கமிட்டித் தலைவர் யார் என்று நினைக்கிறீர்கள்? படிக்கட்டுக்குக் கீழே கூட்டம் போட்டான். வீட்டிலிருந்து வெள்ளைப் பலகையே கொண்டுவந்துவிட்டான். முகத்தில் அப்படியொரு வெளிச்சம். நாலு, பன்னிரண்டு. அவனுடைய நாற்பத்தொன்று உயிரோடு எழுந்து அவன் வாசலுக்கே வந்திருக்கிறதே.

“ரெண்டு மோட்டாரையும் சேர்த்துப் போடுறோம். தந்தது என்ன? ஒண்ணு நாலு மணி, ஒண்ணு பன்னெண்டு மணி. கேட்டது என்ன?”

“எட்டு உஸ்தாத்” என்றான் முதல் மாடி டாக்சி டிரைவர் அபூ தலால். அவனும் ஹிக்மத்தின் மாணவன்தான். பாதிக் கேள்வியிலேயே விடை வந்து விழுந்தது. பக்கத்தில் நின்ற இரண்டு பேர், “எட்டு, எட்டு” என்று தலையாட்டினார்கள். முப்பது வயது தாண்டிய ஆண்கள். மீசை வைத்தவர்கள்.

“எட்டு மணி, எட்டு வீடு. ஆளுக்கு?”

“ஒரு மணி” என்று கோரஸ்.

வரிசை கீழிருந்து மேலாம். கீழே இருப்பது யார்? அவனேதான். மதியம் பன்னிரண்டு மணிக்கு அவன் வீடு, கடைசியில் ஏழு முதல் எட்டு வரை என் வீடு. அவரவர் மணிக்கு மாடி ஏறி அவரவர் வால்வைத் திறந்து, முந்தினவருடையதை மூடவேண்டும். மோட்டாரில் யாரும் கைவைக்கக் கூடாது என்று அறையைப் பூட்டிச் சாவியைத் தானே வைத்துக்கொள்வானாம். டியூஷன் முடிந்து எட்டு மணிக்கு வந்து நிறுத்துவானாம்.

அங்கேதான் நின்றுகொண்டிருந்தேன். மூன்று மணி நேரம் என்று எனக்குத் தெரியும். புது மோட்டார் மூன்று மணியில் முக்கால் பங்கை ஏற்றும், மீதிக் கால் பங்கைப் பழையது ஏற்றும், அவ்வளவுதான் கதை. வாயைத் திறந்திருக்கலாம். திறக்கவில்லை. பதினெட்டு வருஷமாக நான் காத்திருந்த நாள் அது. டேங்க் ஒவ்வொன்றாக வழிந்து, அவன் எழுதிய விடை சுவரோடு ஒழுகுவதை இந்தத் தெருவே பார்க்கட்டும் என்று இருந்தது. “நல்ல ஏற்பாடு உஸ்தாத்” என்றேன். அவன் சந்தோஷமாகத் தலையசைத்தான்.

வியாழன் பன்னிரண்டுக்கு மோட்டாரைப் போட்டுவிட்டு அவன் பையோடு கிளம்பிப் போனான். நான் கடைக்கு லீவு சொல்லிவிட்டு, தேநீரும் பூசணி விதையுமாக ஜன்னலில் உட்கார்ந்துகொண்டேன். கடிகாரத்தையும் வைத்துக்கொண்டேன். இருபத்திரண்டாவது நிமிஷத்தில் ஹிக்மத் வீட்டு டேங்க் வழிய ஆரம்பித்தது. விழுந்து விழுந்து சிரித்தேன்.

வரிசையில் அடுத்த வீட்டுக்காரன் மாடியில் பார்த்துக்கொண்டே நின்றான். தன் மணிக்கு இன்னும் முப்பத்தெட்டு நிமிஷம் இருக்கிறது என்று கீழே போய்விட்டான். ஒரு மணிக்கு வந்து தன் வால்வைத் திறந்தான். அவனுடையதும் இருபத்திரண்டு நிமிஷத்தில் வழிந்தது. அவன் மூடினானா? தன் மணி தன் உரிமை அல்லவா. மனைவியைக் கூப்பிட்டுக் கம்பளம் கழுவவைத்தான். மூன்று மணிக்கு அபூ தலாலின் முறை. டேங்க் வழியத் தொடங்கியதும் ஹோஸை இழுத்துத் தெருவில் நின்ற டாக்சியைக் கழுவினான். பிறகு டயரைக் கழுவினான். பிறகு போனை எடுத்தான்.

“உஸ்தாத், தண்ணி வழியுது.”

ஸ்பீக்கரில் பதில் தெரு முழுக்கக் கேட்டது. “யாரோட மணி இது?”

“என்னோடது.”

“அப்ப உனக்கு என்னப்பா குறை?”

அபூ தலால் யோசித்துப் பார்த்தான். குறை ஒன்றும் இல்லை. மறுபடி டாக்சியைக் கழுவினான். வறண்டு கிடக்கும் ஜூலையில் எங்கள் தெருச் சாக்கடையில் நல்ல தண்ணீர் ஆறாக ஓடியது. நான் விதையை மென்றுகொண்டே ரசித்தேன். எவ்வளவு மடையர்கள் என்று மைஸைக் கூப்பிட்டுக் காட்டினேன். அவள் நாளைக்கு உடுத்தும் உடையை இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தாள், எழுந்து வரவில்லை.

ஆறு மணிக்கு என் எதிர் வீட்டின் முறை. புதுசாகக் கல்யாணமான ஜோடி, பெண்ணின் தாய் வீட்டுக்குப் போயிருந்தார்கள். வால்வைத் திறக்கும் பொறுப்பு என்னிடம். மாடிக்குப் போய்த் திறந்தேன். குழாய் ஒருமுறை இருமியது. கொஞ்சம் செம்மண் தண்ணீர் துப்பியது. அப்புறம் வெறும் காற்று.

முதலில் வால்வு கெட்டுவிட்டது என்று நினைத்தேன். என்னுடையதைத் திறந்தேன். அதிலும் காற்று. கீழே மோட்டார் இரண்டும் வெறும் வயிற்றில் ஊளையிட்டுக்கொண்டிருந்தன. படியில் இறங்கிக்கொண்டே அவனுக்குப் போன் போட்டேன்.

“உஸ்தாத், கீழ்த் தொட்டி காலி. மோட்டார் வறண்டு ஓடுது. சாவியோட உடனே வாங்க.”

“அது எப்படி உம்மு சினான்? கணக்குப்படி இன்னும் ரெண்டு மணி நேரம் இருக்கே. கேள்வியை முழுசாப் படிங்க” என்றான். பின்னால் பிள்ளைகள் சிரிக்கும் சத்தம்.

அபூ தலால் கடப்பாரையால் பூட்டை உடைப்பதற்குள் இரண்டு மோட்டாரும் புகைந்து அடங்கிவிட்டன.

எட்டு மணிக்கு வந்த ஹிக்மத் ஈரத் தெருவைப் பார்த்தான், புகை மணத்தை முகர்ந்தான். “மோட்டார் கம்பெனிக்காரன் பொய் சொல்லிட்டான்” என்று சொல்லிவிட்டு வீட்டுக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டான். எட்டு என்ற விடையில் குற்றமே இல்லையாம். உலகம்தான் தப்பாக நடந்துகொண்டதாம்.

இனி அடுத்த புதன் வரை தண்ணீர் கிடையாது. தண்ணீர் லாரிக்காரனுக்குப் போன் அடித்தால் பத்து நாள் கழித்து வருகிறேன் என்றான். அக்கம்பக்கத்தில் கேட்டேன். அபூ தலால் வீட்டில் இரண்டு வாளி கிடைத்தது, கம்பளம் கழுவினவன் வீட்டில் ஒன்று. வாரம் முழுக்க இதை வைத்துத்தான் ஓட்டவேண்டும் உம்மு சினான் என்று என்னிடமே நீதி சொன்னார்கள். காப்பிக்குப் பாட்டில் தண்ணீர் வாங்கிக்கொண்டேன். அண்டாவை நிரப்பிச் சமையலறையில் வைத்துக்கொண்டேன்.

கீழ்த்தளத்தில் ஒரு முழு டேங்குக்குச் சொந்தக்காரன் இருந்தான். மைஸ் இரண்டு தடவை சொன்னாள். “உஸ்தாத்கிட்ட கேளேன் உம்மா.” நானா? அவனிடமா? சமாளித்துக்கொள்ளலாம் என்றேன்.

வெள்ளி மாலை வந்தார்கள். கூடத்திலும் படிக்கட்டிலுமாக எண்பது ஆண்கள். உள்ளறையில் பெண்கள். மாப்பிள்ளையின் பெரியப்பா காப்பிக் கிண்ணத்தைத் தொடாமல் முன்னால் வைத்துக்கொண்டு பெண் கேட்டுப் பேச ஆரம்பித்தார். சம்மதம் கிடைத்த பிறகுதான் குடிப்பார்கள். எங்கள் பக்கம் பதில் சொல்ல என் கணவரின் தம்பி. எல்லாம் அழகாகப் போய்க்கொண்டிருந்தது. அப்போது உம்மு தரீஃப் எழுந்து குளியலறைக்குப் போனாள்.

குழாய் இருமும் சத்தம் எனக்குக் கேட்டது. ஒரு தடவை, அப்புறம் இன்னொரு தடவை. கதவு கொஞ்சமாகத் திறந்தது.

“உம்மு சினான், டிஷ்யூ இருக்கா?” மிகவும் மெதுவாகத்தான் கேட்டாள். இருபது பெண்களும் கேட்டுக்கொண்டார்கள்.

என் மானம் கப்பலேறிவிட்டது. அண்டாவிலிருந்து சொம்பில் மொண்டுகொண்டு ஓடினேன். அந்த நேரத்தில் மாடியில் தடதடவென்று யாரோ எதையோ இழுக்கும் சத்தம். கொஞ்ச நேரத்தில் குழாய் மறுபடி இருமி, இந்தத் தடவை தண்ணீரைக் கொட்டியது.

ஹிக்மத் படியிறங்கி வந்து என் வாசலில் நின்றான். ஜாஹாவுக்காகப் போட்ட பழுப்புக் கோட்டு, முழங்கால் வரை ஈரம், உள்ளங்கையில் ஹோஸ் அறுத்த சிவப்புக் கோடு. மைஸ் போய்ச் சொல்லியிருக்கிறாள்.

“என் டேங்க்ல ரெண்டு கன மீட்டர் இருந்தது. வீடு ரெண்டு. ஆளுக்கு ஒண்ணு” என்றார். மூச்சு வாங்கியது. “இது சரியா இருக்கும்னு நினைக்கிறேன்.”

சரியாகத்தான் இருந்தது. கூடத்தில் சம்மதம் சொல்லி முடித்திருந்தார்கள், பெரியப்பா காப்பியைக் குடித்தார், எல்லோரும் வாழ்த்துச் சொன்னார்கள்.

கிளம்பும்போது உம்மு தரீஃப் என் இரண்டு கன்னத்திலும் முத்தமிட்டாள். ஈரமில்லாத கைகளால் என் கையைப் பிடித்துக்கொண்டாள். “வெள்ளிக்கிழமை சாப்பாடு எங்க வீட்டுலயே வச்சுக்குவோம். தரீஃபை விட்டு உங்களை வண்டியில கூட்டிட்டு வரச் சொல்றேன். பிள்ளைங்க இங்க வந்து சிரமப்பட வேணாம், என்ன?” உண்மையான அன்போடுதான் சொன்னாள். அதனால் சண்டை போடவும் வழியில்லை. “சரி” என்றேன்.

எல்லோரும் போன பிறகு கிண்ணங்களைக் கழுவினோம். மைஸ் குழாயை நூலளவு மட்டும் திறந்து வைத்திருந்தாள்.

“அந்த ஆளால என் வெள்ளிக்கிழமை போச்சு” என்றேன்.

“உனக்கு மூணு மணின்னு தெரியும்ல?”

“தெரியாம? பதினெட்டு வருஷமாத் தெரியும்.”

“கூட்டத்துல ஏன் சொல்லல?”

“சொன்னா கேக்குற ஆளா அவன்?”

“அவர் கேக்கமாட்டாரு. அபூ தலால் கேட்டிருப்பான், மத்தவங்க கேட்டிருப்பாங்க. நீ ஜன்னல்ல உக்காந்து சிரிச்சுட்டு இருந்தே, உம்மா. நம்ம முறை கடைசின்னு உனக்குத் தோணவே இல்லையா?”

கிண்ணத்தைக் கவிழ்த்து வைத்துவிட்டு அவள் உள்ளே போனாள். நான் டிஷ்யூப் பெட்டியைக் கிழித்து, அதன் அட்டையில் கணக்கைப் போட்டேன். மூன்று மணி நேரத்தில் பதினாறு கன மீட்டர். தொட்டியில் இருந்தது முப்பத்திரண்டு. ஆக, ஆறு மணி நேரம். மணிக்கு ஒரு வீடு, ஆறு வீடு. ஒரு நிமிஷம்கூட ஆகவில்லை. ஏழாவது வீடும் எட்டாவது வீடும் அந்த வெள்ளைப் பலகையிலேயே எழுதியிருந்தன. என் பெயரும் இருந்தது. நான் மூன்று என்பதோடு நிறுத்திக்கொண்டேன், கேள்வியை முழுசாகப் படிக்கவில்லை.